அல்பேனிய சினிமாவின் தந்தை

இதனால் சகலருக்கும் அறியத்தருவது என்னவென்றால், வட அமெரிக்காவின் முதலாவது அல்பேனிய மொழிப் படத்தைத் தயாரித்த பெருமை, ரொறன்ரோ சென் ஜேம்ஸ் ரவுணில் வசிக்கும் திருகோணமலை மகேஸ்வரனையே சாரும். அந்த மொழியில் அவருக்கு ஒரு சொல்லும் தெரியாது என்பதைப் பொறாமைக்காரர்கள் மட்டுமே பெரிதாகப் பேசினார்கள்.

1999 ஆடி மாதம். அல்பேனியர் வாழும் கொசோவோவில் சண்டை முடிந்துவிட்டது. உலகமே பெருமூச்சு விட்ட அந்தச் செய்தி மகேஸ்வரனுக்கு மட்டும் பிடிக்கவில்லை.

"கதாநாயகி வெள்ளிக்கிழமை ஊருக்குப் போறாளாம்!"

"போகட்டுமன்," என்றாள் மனைவி கோணேஸ்வரி. "சண்டை முடிஞ்சால் சனம் வீட்டை போகும்தானே."

"படம் பாதிதான் முடிஞ்சிருக்கு! ஹோலும் புக் பண்ணி, நோட்டீசும் ஒட்டியாச்சு. இப்ப சண்டை முடியேல்லை எண்டு ஆர் அழுதது?"

"மெல்லக் கதையுங்கோ. பக்கத்து வீட்டு அல்பேனியனுக்குக் கேட்கப்போகுது."

"கேட்டால்தான் என்ன? அவனுக்கென்ன தமிழ் விளங்குமே?"

"உங்களுக்கு அவன்ர பாஷை விளங்குற அளவுக்கு விளங்கும்."

மகேஸ்வரன் கலியாண வீடியோக்காரர். தமிழில் படம் எடுத்தால் ஊர் முழுக்கக் குறை சொல்லும். அல்பேனிய மொழியில் எடுத்தால் போட்டிக்கும் ஆளில்லை, குறை சொல்லவும் ஆளில்லை. அகதிகளாக வந்திறங்கியவர்களை தன் கட்டடத்து லிஃப்ற்றுக்குள் கண்ட அன்றே அவருக்குள் இருந்த கலைஞன் இப்படித்தான் கணக்குப் போட்டான்.

கதாநாயகியை வியாழக்கிழமையே இருமவைத்து, இரத்தம் கக்கவைத்துக் கொன்றார். பிரச்சினை தீர்ந்தது.

சனிக்கிழமை வில்லன் விமானம் ஏறினான். கதாநாயகனும் அவனுடனேயே போனான், இருவரும் மச்சான்மார். மிஞ்சியிருந்த ஒரே நம்பிக்கை, ஆங்கிலம் தெரிந்த மொழிபெயர்ப்பாளர் பெசிம். திங்கட்கிழமை அவரும் கைகொடுத்து விடைபெற்றார்.

இனி ஒரே வழிதான். தமிழ்ப் படம் பார்த்து வளர்ந்த எந்தத் தயாரிப்பாளரும் கதை போதாவிட்டால் செய்வதையே மகேஸ்வரனும் செய்தார்: வசனத்தை நீட்டினார். கட்டடத்தில் எஞ்சியிருந்த அல்பேனியரை ஒவ்வொருவராகக் கமராவுக்கு முன் நிறுத்தி, செத்த பெண்ணுக்காகப் புலம்பும்படி சைகை காட்டினார்.

"லோங் டயலொக்! மோர் கிரை!"

அவர்கள் பேசினார்கள். நிறுத்தவேயில்லை. ஒரு கிழவர் சட்டைப்பையிலிருந்து ஓர் இளைஞனின் புகைப்படத்தை எடுத்து நீட்டியபடி விம்மினார்.

"பார், நடிக்கத் தேவையான சாமானும் தானாகவே கொண்டுவந்திருக்கிறார். கலைஞன்!" என்றார் மகேஸ்வரன் மனைவியிடம்.

"உவர் என்னப்பா சொல்லுறார்?" என்றாள் கோணேஸ்வரி.

"துக்கத்தைச் சொல்லுறார்."

"ஆரின்ர துக்கத்தை?"

அதன்பிறகு மகேஸ்வரனுக்கு நித்திரையில்லை. தன்னைத் திட்டுகிறார்களோ? கனடா அரசாங்கத்தைத் திட்டுகிறார்களோ? பொலிஸ் வந்தால் தயாரிப்பாளரைத்தானே பிடிக்கும்?

திரையிடும் நாள். ஹமில்டனிலிருந்தும் கிச்சினரிலிருந்தும் அல்பேனியர்கள் பஸ் பிடித்து வந்து ஹோலை நிரப்பியிருந்தார்கள். மகேஸ்வரன் காரை எடுத்துக்கொண்டு ஓடத் தயாராகத் திறப்பைக் கையில் பிடித்தபடி, வெளியே போகும் கதவோடு ஒட்டி நின்றார்.

முதல் அரைமணி நேரம் ஒரு கைதட்டல் இல்லை. ஒருவர் கொட்டாவி விட்டார். மகேஸ்வரன் கதவை மெல்லத் திறந்து வைத்துக்கொண்டார்.

புலம்பல் காட்சிகள் தொடங்கின. திடீரென்று ஒரு பெண் வீரிட்டாள். ஒருவர் கதிரைமேல் ஏறி, கசெற்றைப் பின்னுக்கு ஓட்டும்படி கத்தினார். ஓட்டினார்கள். மறுபடியும் ஓட்டச் சொன்னார்கள். சபை முழுவதும் ஒருவரையொருவர் கட்டிப்பிடித்து அழுதது.

மகேஸ்வரன் திறப்பைப் பொக்கற்றுக்குள் போட்டார். நெஞ்சு நிமிர்ந்தது. வாசலில் சுடச்சுட ரோல்ஸ் விற்றுக்கொண்டிருந்த ஸித்தி என்ற பெண்ணிடம் போனார். அல்பேனியருக்கு நடுவே குடியிருந்து அவர்கள் பேச்சு கொஞ்சம் பிடிபட்டவள் அவள்.

"ஸித்தி, பிள்ளை, எந்த வசனத்துக்கு இவை உப்பிடி அழுகினம்?"

"வசனமா? பேரும் ஊரும் டெலிபோன் நம்பரும்தானே அண்ணன் சொல்றாங்க. சண்டையில காணாமப்போன ஆக்களைத் தேடுறாங்க. அந்தா, அந்தப் பொம்பளைக்கு இப்பதான் புருஷன் கிடைச்சிருக்கான்."

மகேஸ்வரன் திரையைத் திரும்பிப் பார்த்தார்.

"அப்ப... என்ர கதை?"

"அது வாற இடத்தையெல்லாம் வேகமா முன்னுக்கு ஓட்டிவிடச் சொல்றாங்க."