கெட்டிமேளத்துக்கு வந்த ஸ்காட்லாந்து இன்ஸ்பெக்டர்

கல்யாண வீட்டில் யாரை வேண்டுமானாலும் நம்பலாம். பாயசத்துக்குச் சர்க்கரை போட மறக்கிற சமையல்காரரை நம்பலாம். சாவியை எங்கேயோ வைத்துவிட்டு எல்லாரையும் திட்டுகிற மண்டப மேனேஜரைக்கூட நம்பலாம். ஆனால், "எல்லாத்தையும் நான் பாத்துக்கறேன், நீங்க நிம்மதியா உக்காருங்க" என்று பட்டுப்பாவாடை சரசரக்கத் திரிகிற மணப்பெண்ணின் தங்கச்சியை மட்டும் நம்பவே கூடாது. என் அக்கா சரண்யா கல்யாணத்தில் அந்தத் தங்கச்சி நான்தான்.

முதலில் ஃபெர்கஸ் யார் என்று சொல்லிவிடுகிறேன். ஸ்காட்லாந்துக்காரர், டிவி நடிகர். கோயமுத்தூர் ஹாஸ்டலில் படித்துக்கொண்டிருந்தபோது, பரீட்சைக்கு முந்தின வாரம் (அந்த வாரம்தானே இதெல்லாம் கண்ணில் படும்), அவர் போலீஸ் இன்ஸ்பெக்டராக வருகிற சீரியல் ஒன்றைப் பார்க்க ஆரம்பித்தேன். மழையில் நனைந்துகொண்டே வருவார், பிணத்தைப் பார்ப்பார், பெருமூச்சு விடுவார், கொலைகாரனைப் பிடிப்பார். அப்புறம் வீட்டுக்குப் போய்த் தனியாக நின்று பேக்பைப் ஊதுவார். தோல் பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஊதுவார்களே, அது. எங்கள் குன்னூர்க்காரர்களுக்குப் பட்டாளத்து அணிவகுப்பில் பார்த்துப் பழக்கம்தான். அந்த ஊதல் நடிப்பில்லை, மனுஷர் நிஜமாகவே வாசிக்கிறவர் என்று தெரிந்ததும் ரூம்மேட்டை உலுக்கி எழுப்பிச் சொன்னேன். அவள் தலையணையால் அடித்தாள்.

அவர் நடித்த வேஷமெல்லாம் எனக்கு வரிசையாக மனப்பாடம். முதல் வேஷம், கரை ஒதுங்கிய பிணம். அடுத்தது, கோர்ட்டில் "இந்த ஆள்தான்" என்று கைகாட்டுகிற சாட்சி. அப்புறம் பஸ் டிரைவர், பாதிரியார், பக்கத்து வீட்டுக்காரர். அதற்கப்புறம்தான் இன்ஸ்பெக்டர் வேஷம், ஊரெல்லாம் பேர். கடைசி சீசனில் பாவிகள் அவரை ஒரு மலை உச்சியிலிருந்து தள்ளிவிட்டுக் கதையை முடித்துவிட்டார்கள். அன்றைக்கு நான் மெஸ்ஸில் சாப்பிடவில்லை. அதற்கப்புறம் அவருக்குச் சின்னச் சின்ன வேஷம்தான் கிடைத்தது. மீதி நேரத்தில் நண்பர்களோடு சேர்ந்து ஊர் ஊராக வாசித்துக்கொண்டிருந்தார்.

அப்படிப்பட்டவர், நான் படிப்பை முடித்து ஊருக்கு வந்த கையோடு குன்னூருக்கே வந்து இறங்கினார் என்றால் என் நிலைமையை யோசித்துப் பாருங்கள். எஸ்டேட் பங்களா ஒன்றில் வெளிநாட்டு சீரியல் ஷூட்டிங். ஜீப் பிடிக்க, குடை பிடிக்க, இங்கிலீஷைத் தமிழாக்க, தமிழை இங்கிலீஷாக்க உள்ளூர் ஆள் வேண்டும் என்றார்கள். சம்பளம் என்ன என்றுகூடக் கேட்காமல் ஓடினேன். ஃபெர்கஸுக்கு அதில் செத்துப்போன தேயிலைத் தோட்டத் துரையின் ஆவி வேஷம். பிணமாகத் தொழிலை ஆரம்பித்தவர் பேயாக எங்கள் ஊருக்கு வந்து சேர்ந்திருந்தார்.

பார்த்த முதல் நாளே அவருடைய வாழ்க்கையை அவருக்கே வரிசையாக ஒப்பித்தேன். முழுக்கக் கேட்டுவிட்டு, "இதில் பாதி என் அம்மாவுக்கே தெரியாது" என்றார். அப்புறம் டீயைக் கையில் வைத்துக்கொண்டு சொன்னார்: "நான் பெரிய நடிகன் இல்லை, நித்யா. சம்பளத்துக்கு நடிக்கிறேன், சந்தோஷத்துக்கு வாசிக்கிறேன். ஆனால் ஒரு விஷயத்தில் என்னை யாரும் குறை சொல்ல முடியாது. இத்தனை வருஷத்தில் ஒரு சைகையைக்கூட நான் தவறவிட்டதில்லை. டைரக்டர் விரலை அசைத்தால் போதும், அந்த நொடியே ஆரம்பித்துவிடுவேன்."

இதை நான் ஞாபகத்தில் வைத்திருந்திருக்க வேண்டும்.

அக்கா கல்யாணத்துக்கு அவரைக் கூப்பிட்டேன். வருகிறேன் என்றார். அன்றைக்கே சொந்தக்காரர் எல்லாருக்கும் போன் போட்டுச் சொல்லி முடித்தேன். கல்யாண ஏற்பாட்டில் இரண்டு வீட்டிலும் எல்லாருக்கும் சந்தோஷம், ஒருத்தரைத் தவிர. அவர் மாப்பிள்ளையின் தாய்மாமன், பொள்ளாச்சி மாமா. கல்யாணத்தைப் பொள்ளாச்சியில் வைக்க வேண்டும் என்று ஆரம்பத்திலிருந்தே ஒற்றைக்காலில் நின்றவர். அப்பாவோ, தான் கடை வைத்துப் பிழைக்கிற ஊரில்தான் மகள் கல்யாணம் நடக்கணும் என்று பிடிவாதமாகக் குன்னூரில் மண்டபம் பிடித்துவிட்டார். "மலை மேல வெக்கறீங்க. குளுருலயும் மழையிலயும் ஏதாவது ஒண்ணு கெட்டா என்னையக் கேக்காதீங்க" என்று மாமா பத்திரிகை வாங்கும்போதே சொல்லிவிட்டுப் போனார். ஒரு குறை, ஒரே ஒரு குறை கிடைத்தால் போதும், அக்கா காலத்துக்கும் அதைக் கேட்டுக்கொண்டே குடித்தனம் நடத்த வேண்டியதுதான். அம்மா கல்யாண வாரம் முழுக்கக் கும்பிடாத சாமி இல்லை.

சாமிக்குக் காது கேட்கவில்லை போல. கல்யாணத்தன்று காலையில் பர்லியார் பக்கம் மலை ரோட்டில் மரம் விழுந்துவிட்டது. மேட்டுப்பாளையத்திலிருந்து வர வேண்டிய மேளக்காரர்களின் வேன் அதற்கு அந்தப்பக்கம் நின்றது. நாதஸ்வரக்காரர் போனில், "வெட்டிட்டு இருக்காங்க, வந்துருவோமுங்க" என்று சொல்லிக்கொண்டே இருந்தார். முகூர்த்த நேரமோ ஓடிக்கொண்டிருந்தது.

"செல்போன்ல மேளத்தப் போட்டு ஸ்பீக்கர்ல விட்டா ஆகாதுங்களா?" என்று அப்பா மெதுவாகக் கேட்டார்.

பொள்ளாச்சி மாமா வேட்டியை மடித்துக் கட்டினார். "செல்போன்ல மேளம்னா, தாலியையும் செல்போன்லயே கட்டிக்கலாமுங்களே" என்றார்.

அப்பா தலையைக் குனிந்துகொண்டார். அப்போதுதான் மண்டப வாசலில் ஃபெர்கஸ் வந்து இறங்கினார். அவர் ஊர் வழக்கப்படி கட்டம் போட்ட மடிப்புப் பாவாடை, முழங்கால் வரை சாக்ஸ், கக்கத்தில் பேக்பைப். (மணமக்களுக்கு ஒரு பாட்டு வாசிக்கலாம் என்று கொண்டுவந்தாராம்.) சனம் அவர் பாவாடையைப் பார்த்தது. நான் பையை மட்டும்தான் பார்த்தேன்.

"அப்பா, மேளம் வந்துருச்சு" என்றேன்.

மாமாவுக்கு விளக்கம் சொல்ல வேண்டியிருந்தது. நாதஸ்வரமும் ஊதுவதுதான், இதுவும் ஊதுவதுதான், செல்போன் இல்லை, உயிருள்ள மனுஷனே ஊதுகிறார், நாதஸ்வரத்துக்கு ஒத்து ஊதுகிற மாதிரி அந்தப் பையிலிருந்தே சுருதியும் வரும் என்றெல்லாம் வாய் ஓயாமல் பேசினேன். அவர் ஃபெர்கஸை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "பாக்கலாமுங்க" என்று மட்டும் சொன்னார். அந்த வார்த்தைக்கு எங்கள் பக்கத்தில் 'நீ விழுவாய், நான் பார்ப்பேன்' என்று அர்த்தம்.

ஃபெர்கஸை மேளக்காரர்கள் உட்காருகிற இடத்தில் மேடை ஓரமாக நிறுத்திப் பாடம் எடுத்தேன். நான் டைரக்டர் அல்லவா? "கெட்டிமேளம் என்றால், தாலி கட்டும்போது வேற எந்தச் சத்தமும் யார் காதிலும் விழக்கூடாது. நான் ஒற்றை விரலைத் தூக்குவேன், உடனே ஆரம்பிக்கணும். எவ்வளவு வேகமாகக் கையை ஆட்டுகிறேனோ அவ்வளவு வேகமாக வாசிக்கணும். மூன்று முடிச்சும் விழுகிற வரை நிறுத்தவே கூடாது."

"விரல், வேகம், நிறுத்தக்கூடாது" என்று அவர் திருப்பிச் சொன்னார். கண்ணெல்லாம் பளபளத்தது. இன்ஸ்பெக்டர் வேஷம் போனபிறகு இவ்வளவு முக்கியமான வேஷம் தனக்கு யாரும் தரவில்லை என்றார். எனக்குக் கண் கலங்கிவிட்டது.

ஐயர் தாலியைத் தேங்காய் மேல் வைத்துத் தட்டை நீட்டினார். சபையில் எல்லாரும் தொட்டுக் கும்பிட வேண்டுமே, சித்தப்பா அதை வாங்கிக்கொண்டு வரிசை வரிசையாகப் போனார். பின்னாலேயே அத்தை எல்லார் கையிலும் அட்சதை கொடுத்துக்கொண்டு போனார். தட்டு கடைசி வரிசைக்குப் போய்விட்டது. அங்கே ஒரு பெரியம்மா கண்ணாடியைத் தேடி எடுத்து மாட்டி, தாலியை நிதானமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்.

அந்த நேரத்தில் முன்வரிசையிலிருந்து பொள்ளாச்சி மாமா என்னைப் பார்த்தார். மணிக்கட்டைத் தட்டி, இன்னும் எவ்வளவு நேரம் என்று சைகையில் கேட்டார்.

நான் பதவிசாகச் சிரித்துக்கொண்டே, ஒரு நிமிஷம் என்று ஒற்றை விரலைத் தூக்கிக் காட்டினேன்.

வாழ்நாளில் ஒரு சைகையைக்கூடத் தவறவிடாத மனுஷர் இதையும் விடவில்லை. மண்டபத்தின் தகரக்கூரை அதிர்ந்தது. குழந்தைகள் வீறிட்டன. எங்கள் சனத்துக்குக் கெட்டிமேளம் என்று ஒன்று காதில் விழுந்தால் கை தானாகவே போய்விடும், யார் எதற்கு ஊதுகிறார்கள் என்றெல்லாம் யோசிக்க மாட்டார்கள். மண்டபம் முழுக்க எழுந்து நின்று, இருந்த அட்சதை அத்தனையையும் மணமக்கள் தலையில் கொட்டிவிட்டது. பாவம் மாப்பிள்ளை, அவரும் பழக்கதோஷத்தில் எழுந்து இரண்டு கையையும் ஐயரிடம் நீட்டினார். ஐயர் தன் வெறுங்கையைப் பார்த்தார். தாலி கடைசி வரிசையில் பெரியம்மா மடியில் இருந்தது.

நிறுத்தச் சொல்லி ஃபெர்கஸைப் பார்த்து இரண்டு கையையும் ஆட்டினேன். எவ்வளவு வேகமாகக் கையை ஆட்டுகிறேனோ அவ்வளவு வேகமாக வாசிக்கணும் என்று நானே சொல்லியிருந்தேன் இல்லையா. அவர் வேகம் கூட்டினார். நான் பதறிப்போய் இன்னும் ஆட்டினேன். அவர் முகம் தக்காளியாகச் சிவந்து, கண்ணை மூடிக்கொண்டு, குதிகாலால் தாளம் போட்டுக்கொண்டு இன்னும் கூட்டினார். "நித்யா, கையக் கீழ போடுடீ" என்று அக்கா மணவறையிலிருந்து கத்தியது அந்தச் சத்தத்தில் யாருக்கும் கேட்கவில்லை. வாயசைவில் எனக்கு மட்டும் புரிந்தது. எங்கள் வீட்டில் 'டீ' போடும் பழக்கமே கிடையாது, அவள் என்னை அப்படிப் பேசியது அதுதான் முதல் தடவை.

கடைசியில் அம்மாதான் மேடை ஏறிப் போய், குழந்தை வாயிலிருந்து பால்புட்டியை எடுப்பதுபோல அவர் வாயிலிருந்து குழலை எடுத்தார். அதற்கப்புறமும் அந்தப் பை கொஞ்ச நேரம் தனியாக முனகிவிட்டுத்தான் ஓய்ந்தது.

அக்கா தலை முழுக்க மஞ்சள் அரிசி. அப்பா சுவரோடு சுவராக நின்றிருந்தார். அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. தாலித் தட்டு கைமாறி கைமாறி மேடைக்கு வந்துகொண்டிருந்தது. "அட்சத தீந்துபோச்சுங்க, சமையக்கட்டுல இருந்த அரிசியெல்லாம் பொங்கியாச்சு" என்று அத்தை அழாத குறையாகச் சொன்னார். அட்சதை போடாமல் தாலி ஏறினால் பொள்ளாச்சியில் மூன்று தலைமுறைக்குப் பேசுவார்கள். எல்லார் பார்வையும் மாமா மேல் திரும்பியது.

மாமா மெதுவாக எழுந்தார். இறுக்கி மூடியிருந்த வலது கையை விரித்தார். உள்ளே அட்சதை அப்படியே இருந்தது.

"அந்தச் சத்தத்த நான் மேளம்னு ஒத்துக்கல, அதனால போடல" என்றார். அப்புறம் சபையைப் பார்த்து, "எல்லாரும் கைய நீட்டுங்க. ஆளுக்கு நாலு அரிசிதான், பாத்துப் போடுங்க" என்றபடி வரிசை வரிசையாகப் போய்க் கிள்ளிக் கிள்ளிக் கொடுக்க ஆரம்பித்தார். சரண்யா கல்யாணத்துக்கு அட்சதை தந்தது தான்தான் என்கிற பெருமை ஒவ்வொரு வரிசைக்கும் அவர் முகத்தில் கூடிக்கொண்டே போனது. குறை கண்டுபிடிக்க வந்தவர் என்பதே அவருக்கு மறந்துவிட்டது. அப்பா அவர் கையைப் பிடித்துக்கொண்டார். "அட விடுங்க சம்பந்தி" என்றார் மாமா. அதுவரைக்கும் அவர் அப்பாவை ஒரு தடவைகூடச் சம்பந்தி என்று கூப்பிட்டதில்லை.

ஃபெர்கஸ் பயந்துபோய்க் குழலை வாயில் வைத்தபடி என்னைப் பார்த்தார். நான் என் இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டேன். அக்கா நிமிர்ந்தாள். தாலி மாப்பிள்ளை கைக்கு வந்துவிட்டதை ஒரு தரம் பார்த்து உறுதி செய்துகொண்டாள். பிறகு மாலைக்குள்ளிருந்து விரலை நீட்டி, தன் கெட்டிமேளத்துக்குத் தானே சைகை கொடுத்தாள். அவர் ஊதினார் பாருங்கள், எனக்கு மேலெல்லாம் சிலிர்த்தது. மூன்று முடிச்சும் விழுந்தது, ஆளுக்கு நாலு அரிசியும் விழுந்தது.

பந்தி நடக்கும்போதுதான் மேளக்காரர்கள் ஓடி வந்தார்கள். நடந்ததைக் கேட்டுச் சிரித்துவிட்டு, நாதஸ்வரக்காரர் அந்தப் பையைத் தொட்டுப் பார்த்தார். "ஒத்துக்காரருக்கும் சேத்து இவரே ஊதறாருங்க" என்றார். பிறகு தவிலும் நாதஸ்வரமும் பேக்பைப்பும் சேர்ந்து வாசித்தன. சுருதி சேர்ந்ததா என்று கேட்காதீர்கள். சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்கள் எச்சில் கையோடு எழுந்து வந்துவிட்டார்கள். ஃபெர்கஸ் வியர்த்து வழிந்துகொண்டு என்னிடம் சொன்னார்: "மேடையில் என் மேல் என்னென்னவோ எறிந்திருக்கிறார்கள். வாழ்த்துவதற்காக எறிவதைப் பார்ப்பது இதுதான் முதல் தடவை."

அவர் ஆவியாக நடித்த சீரியல் வெளிவந்தது. எங்கள் வீட்டில் எல்லாரும் பார்த்தோம். பொள்ளாச்சி மாமா அதைப் பார்த்துவிட்டு, "நம்ம கல்யாணத்துல நல்லா பண்ணினாரு, இதுல கொஞ்சம் கம்மிதான்" என்று தீர்ப்புச் சொன்னார். ஃபெர்கஸ் இப்போது நடிப்பைக் குறைத்துக்கொண்டு வாசிப்பதிலேயே இறங்கிவிட்டார். கச்சேரி நடுவில் இந்தக் கதையைச் சொல்வாராம், அதில் நான்தான் அவர் வாழ்க்கையிலேயே பார்த்த மிக மோசமான டைரக்டராம்.

எங்கள் சொந்தத்தில் இன்றைக்கும் எந்தக் கல்யாணத்துக்குப் போனாலும், முகூர்த்தம் நெருங்கியதும் யாராவது ஒருத்தர், "நித்யா கையில எதையாவது குடுங்கப்பா" என்பார்கள். உடனே ஒரு குழந்தையையோ, பழத்தட்டையோ கொண்டுவந்து என் இரண்டு கையிலும் வைத்துவிடுவார்கள்.

போன வருஷம் எனக்கே கல்யாணம். "இந்தத் தடவை சைகை யார் கொடுக்கிறார்கள்?" என்று ஃபெர்கஸ் காலையிலேயே செய்தி அனுப்பியிருந்தார். தாலி கட்டி முடிகிற வரைக்கும் அக்கா பக்கத்தில் உட்கார்ந்து என் இரண்டு கையையும் இறுக்கிப் பிடித்துக்கொண்டிருந்தாள். தங்கச்சி மேல் எவ்வளவு பாசம் என்று மாப்பிள்ளை வீட்டுக்காரர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டார்கள்.