கத்திரி அண்ணன் என்னைப் பஸ் ஏற்றிய கதை

கோவையில் கத்திரி அண்ணனிடம் அகப்பட்டு முழுசாக வெளியே வந்த மனிதர் எவருமில்லை. ஆர்.எஸ்.புரத்தில் ஒரு பட்டுக்கடை மாடியில், சின்னப் படங்களுக்கு எடிட்டிங் செய்துகொண்டிருந்தார். பெரிய கம்பெனி எதிலும் சேரவில்லை. ஏன் என்று கேட்டால், "அங்க ஹீரோவை வெட்ட உடமாட்டாங்களாமுங்க" என்பார், ஏதோ சோறு போடமாட்டார்கள் என்பதுபோல.

வயிற்றுப்பாட்டுக்குக் கல்யாண வீடியோவும் உண்டு. ஒரு தாய்மாமன் எல்லாக் காட்சியிலும் கேமராவைப் பார்த்துக் கைகாட்டினார் என்று அவரை வீடியோவிலிருந்தே மொத்தமாகத் தூக்கிவிட்டார். மாமன் மூச்சிரைக்க மாடியேறி வந்தார்.

"ஏனுங்க, நான் கல்யாணத்துக்கே வரலீன்னு பொண்ணு ஊட்டுல பேசறாங்க!"

அண்ணன் எழுந்து நின்று கும்பிட்டார். "வந்தீங்க, இல்லைங்கலீங்க. ஆனா நீங்க கல்யாணத்தைப் பாக்கவே இல்லீங்களே."

இவரிடம்தான் என் முதல் படத்தைக் கொடுத்தேன். சத்தியமங்கலத்தில் எடுத்தது. கதை, இயக்கம், கதாநாயகன் எல்லாம் நானே. இரண்டரை மணி நேரம். அதில் அரை மணி நேரம் அழுதிருந்தேன். எனக்கு அம்மாவாக நடித்தவர், பவானிக் கரையில் மீன் வறுத்து விற்கும் ஒரு பெண்மணி.

ஒரு மாதம் கழித்து அண்ணன் கூப்பிட்டார்.

"கோவிச்சுக்காதீங்க கண்ணு. உங்களை மூணாவது நிமிசத்துலயே பஸ் ஏத்தி அனுப்பிச்சுப்போட்டேனுங்க."

"எப்ப திரும்பி வரேன்?"

"வரலீங்க. அந்தம்மா காத்திருக்கறதுதான் படமுங்க."

நான் போட்ட சண்டையில் கீழே பட்டுக்கடைக்காரர்கள் வியாபாரத்தை நிறுத்திவிட்டு மேலே பார்த்தார்கள். ஆனால் ஈரோட்டில் ஒரு சின்ன அரங்கில் திரையிடலுக்கு ஏற்பாடாகியிருந்தது. வேறு வழியில்லாமல் கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தேன்.

படம் முடிந்ததும் பக்கத்தில் இருந்தவர் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "பெத்தவளை உட்டுப்போட்டுப் போனானே, நாசமாப் போறவன்" என்று என்னிடமே என்னைத் திட்டினார்.

வெளியே வந்து அண்ணனைப் பிடித்தேன். "பஸ் ஏறுறதுக்கு முன்னாடி அந்தம்மா கால்ல முள்ளு எடுக்கறேனே, அதை நான் நடிக்கவே இல்லீங்களே?"

"நடிக்கலீங்க. ஷூட்டிங் இடைவேளையில அந்தம்மாவுக்கு நெஜமாவே முள்ளு குத்திடுச்சு, நீங்க குனிஞ்சு எடுத்தீங்க. கேமராவை அணைக்க மறந்துட்டாங்க." கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "அந்த நாலு செகண்டு இல்லீன்னா, போனவனை யாருங்க தேடுவாங்க?"

அந்த நாலு விநாடியில் என்னைக் கண்டுபிடிக்க, அத்தனை காட்சிகளையும் அந்த மனுசர் எத்தனை தடவை ஓட்டிப் பார்த்தாரோ!