தான ரக மெத்தை

மதிப்புக்கும் பாசத்துக்கும் உரிய அண்ணாவுக்கு,

தங்கை வணக்கம் சொல்லி எழுதிக்கொள்வது. இங்கே நானும் பிள்ளைகளும் நலம். உங்கள் மாப்பிள்ளை மல்லாந்த நிலையில் நலம். அண்ணியின் முழங்கால் வலி தேவலையா?

மெத்தை வியாபாரத்தில் சம்பாதித்தது போதும், இனி மக்களுக்குச் செய்வோம் என்று அவர் தேர்தலில் நின்று சட்டமன்ற உறுப்பினர் ஆனதும், கண்ணில் பட்டதற்கெல்லாம் நன்கொடை கொடுப்பதும் உங்களுக்குத் தெரியும். பேருந்து நிறுத்தத்துக்குக் கூரை கொடுத்தார், கூரையில் அவர் படம். பள்ளிக்கூடத்துக்குத் தண்ணீர்த் தொட்டி கொடுத்தார், தொட்டியைச் சுற்றி அவர் படம். போன மாதம் அரசு மருத்துவமனையின் எலும்பு முறிவுப் பிரிவுக்கு நம் தொழிற்சாலை மெத்தைகளைக் கொடுத்தார். திறப்பு விழாவில் புகைப்படக்காரர், "சும்மா ஒரு தடவை படுத்துக் காட்டுங்க சார், படம் நல்லா வரும்" என்றார். படுத்தார். படம் நன்றாகத்தான் வந்தது, இவர்தான் எழுந்து வரவில்லை. இடுப்பில் மளுக்கென்று ஒரு சத்தம், முன்வரிசைக்கே கேட்டது. பெரிய டாக்டர் ஓடிவந்து, "அசைக்காதீங்க, இங்கேயே இருக்கட்டும்" என்று சொல்லிவிட்டார். ஆக, அவர் திறந்து வைத்த பிரிவில் அவரே முதல் நோயாளி. கைதட்டுவதா வேண்டாமா என்று தெரியாமல் கூட்டம் கொஞ்சமாகத் தட்டியது.

பத்துப் பதினைந்து நாளில் தலைச்சாயம் வெளுத்து, தாடி முளைத்து, ஆளே மாறிப்போனார். அப்போதுதான் பக்கத்துக் கட்டிலுக்குக் கால் உடைந்த லாரி ஓட்டுநர் ஒருவர் வந்து சேர்ந்தார். படுத்ததுமே, "ஐயோ, முதுகு போச்சே! இது மெத்தையா, செங்கல் அடுக்கா? எவன் குடுத்தான் இதை?" என்று கத்தினார்.

"யாரோ நல்ல மனுஷனாம்" என்றார் உங்கள் மாப்பிள்ளை, மெதுவாக.

"அதோ செவுத்துல சிரிக்கிறானே, அவன்தான். ஒரு நாள் படுத்துப் பாத்திருந்தா அப்படிச் சிரிச்சிருக்க மாட்டான்."

சாப்பாடு கொண்டுபோன என்னிடம் இதைச் சொல்லும்போது அவருக்குக் கண் கலங்கிவிட்டது. வாக்கு எண்ணிக்கை அன்றுகூட அப்படிக் கலங்கவில்லை. உடனே தொழிற்சாலை மேலாளரை வரவழைத்து, "என்னய்யா மெத்தை இது?" என்று கேட்டார். அவர் கைகட்டி நின்று, "தான ரகம் சார். விக்கிறதும் குடுக்கறதும் ஒரே ரகமா இருந்தா கட்டுப்படியாகுமான்னு நீங்கதானே கேட்டீங்க? அதான் உள்ளே வெட்டுத்துணி, ஓரத்துல அட்டை" என்றார். இவர் எல்லா மெத்தைகளையும் மாற்றி முதல் ரகம் போடச் சொன்னார். புதுச் சரக்கு வரும்வரை ஓட்டுநருக்கு என்று எங்கள் படுக்கையறை மெத்தையே போய்விட்டது, நான் தரையில் படுக்கிறேன். சுவரில் இருந்த படத்தையும் கழற்றச் சொன்னார். ஓட்டுநர்தான், "அது இருக்கட்டும், வலிக்கும்போது திட்ட ஒரு மூஞ்சி வேணும்" என்று தடுத்துவிட்டார்.

நேற்று என் கையைப் பிடித்துக்கொண்டு, "அரசியல் போதும்மா. நல்ல மெத்தை செஞ்சு நியாயமா வித்தாலே புண்ணியம்" என்றார். ராஜினாமாக் கடிதத்தை அவர் சொல்லச் சொல்ல நானே எழுதினேன். கல்யாணமான நாளிலிருந்து இப்படி ஒரு மனுஷனை நான் பார்த்ததில்லை அண்ணா. மனம் மாறுவதற்குள் அண்ணியோடு புறப்பட்டு வந்து, பக்கத்தில் உட்கார்ந்து கையெழுத்து வாங்கிக் கொடுங்கள்.

பெரியவர்களுக்கு வணக்கமும் சின்னவர்களுக்கு ஆசியும் சொல்லி, உங்கள் வண்டிச் சத்தத்துக்குக் காத்திருக்கும்,

தங்கை

பின்குறிப்பு: உறையை ஒட்டும் நேரத்தில் தலைநகரிலிருந்து தொலைபேசி வந்தது. அவரை அமைச்சராக்கிவிட்டார்கள். விளையாட்டுத் துறை. எழுந்தே உட்கார்ந்துவிட்டார். ராஜினாமாக் கடிதத்தின் பின்பக்கத்தில் நன்றியுரை தயாராகிறது. இங்கே மாற்றப்போகும் தான ரக மெத்தைகள் வீணாகக் கூடாது என்று உங்கள் ஊர் மாணவர் விடுதிக்கு அனுப்பச் சொல்லிவிட்டார். திறப்பு விழாவுக்கு நீங்கள்தான் தலைமையாம். யார் சொன்னாலும் படுத்துக் காட்டாதீர்கள்.