ஹுஸ்னியா ரசித்த ஹாமனி

ஐம்பது வயதில் பியானோ பழகுவது என்று முடிவெடுத்தேன். முடிவு என்னுடையது. வீடு மட்டும் மனைவி ஹுஸ்னியாவின் சீதன வீடு.

கீபோர்ட்டை மேசையில் வைத்தேன். போனில் பாடம் சொல்லித்தரும் ஒரு அப். மூன்று கட்டைகளைச் சேர்த்து அமுக்கினால் அது கேட்கும். அந்தச் சுரக்கூட்டு சரியென்றால் பச்சை காட்டும், பிழையென்றால் சிவப்பு. முதல் நாள் முழுக்கச் சிவப்பு.

"இந்தச் சாமான உங்கட கடைக்குக் கொண்டு போங்க. மனிசர் இருக்கிற வீடு இது," என்றாள் ஹுஸ்னியா.

"ஹெட்போன் போட்டு வாசிக்கிறன்."

"அப்ப அந்த அப்புக்கு எப்பிடிக் கேக்கும்?"

அதை நான் யோசிக்கவில்லை.

"இறக்காமத்து நம்மட வயலுக்குள்ள யானை இறங்குதாம்," என்றாள். "கதிர் முத்தி நிக்கிது. தம்பி றிஸ்மி தனிய என்ன செய்வான்? நீங்களும் காவலுக்குப் போங்களன்."

"எனக்குப் பாடம் கிடக்கு, ஹுஸ்னி."

இரண்டு நாள் முகத்தைத் திருப்பிக்கொண்டு திரிந்தாள். மூன்றாம் நாள் ஆளே மாறிவிட்டாள். பின்னேரம் அஸர் தொழுதுவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"சத்தத்தக் கூட்டுங்க."

"பிடிச்சிருக்கா?"

"இப்ப ஒண்டு அடிச்சீங்களே, அதத் திருப்பி அடிங்க."

"அது பிழைச்சதுகா, சிவப்புக் காட்டினது."

"பரவால்ல. நல்லா அமுக்கி அடிங்க."

போனில் பதிவும் செய்தாள். கலியாணம் முடித்த நாளிலிருந்து நான் கதைப்பதைக்கூட அவள் இரண்டு நிமிசம் முழுதாகக் கேட்டதில்லை. அல்ஹம்துலில்லாஹ்! அந்தச் சந்தோசத்தில் கடையை நேரத்தோடு பூட்டிவிட்டு வந்து பழகினேன். ஸ்கேல் ஓடியது. சுரங்கள் ஒன்றோடொன்று இசையும் ஹாமனி பிடிபட்டது. மூன்றாம் கிழமை ஒரு பாடம் முழுக்கப் பச்சை. அதையும் பதிந்து யாருக்கோ அனுப்பினாள்.

மறுநாள் காலை றிஸ்மியின் போன். கதைத்து முடித்தவள் என்னை ஒரு பார்வை பார்த்தாள்.

"ஏன் நேத்துத் திருத்தமா அடிச்சீங்க?"

"என்ன?"

"ரெண்டு கிழமையா நீங்க அடிச்சதத்தான் றிஸ்மி வயல்ல ஸ்பீக்கர்ல போட்டவன். ஒரு யானையும் கிட்ட வரல்ல. நேத்துப் பதிஞ்சதப் போட்டானாம், மூணு வந்து அசையாம நிண்டு கேட்டதாம். முடிஞ்ச உடன ஒரு வரவைத் துண்டு முழுக்கக் கதிர் போயிட்டு."

"நான் காவலுக்குப் போறன், ஹுஸ்னி."

"நீங்க போனா நித்திரதான் கொள்ளுவீங்க. இஞ்ச இருந்து பழையபடி அடிங்க."

"சரியாப் பழகினவனுக்கு இனிப் பிழையா அடிக்க வருமா?"

"வரும். போனப் பாக்காம உங்கட சொந்த அறிவுல அடிங்க."