நான்காம் நாளைப் பார்க்காத ரிலீவர்

காக்களூர் இண்டஸ்ட்ரியல் எஸ்டேட்டைச் சல்லடை போட்டுச் சலித்தாலும் எங்கள் ரிலீவரைப்போல் கிரிக்கெட்டை நேசிக்கிறவர் ஒருவர் கிடைக்கமாட்டார். அவரைப்போல் அரைகுறையாகப் பார்த்தவரும் கிடைக்கமாட்டார்.

எந்தப் பெரிய மனிதர் முன்பும் இதைச் சொல்வேன். ஐந்தாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டவன் நான். கரி அள்ளிய கையால் இரண்டு ஷெட் எழுப்பியிருக்கிறேன். இந்தப் பக்கம் ஓடுகிற வண்டிகளில் பாதியின் பல்சக்கரங்கள் என் உலையில் சிவந்து இறுகியவைதான். மீதிப் பாதிக்காரர்களுக்கு விவரம் போதாது.

உலை எரியும்போது அதன் முன்னால் ஒருவர் நின்றே ஆக வேண்டும். ஆள் வராத நாளில் அந்த இடத்துக்கு வந்து நிற்பவர்தான் ரிலீவர். பழவேற்காட்டு மீனவர் வீட்டுப் பிள்ளை. பெற்றவர்கள் வைத்த பெயர் அவருக்கே மறந்திருக்கும்.

எங்கள் ஷெட்டில் ஒரு வழக்கம் உண்டு, நான் ஏற்படுத்தியது. போகிறவர் தோல் கையுறையைக் கழற்றி, வருகிறவர் கையில் கொடுக்க வேண்டும். அப்போதுதான் ஷிப்ட் மாறும். மணி அடித்தாலும் மழை அடித்தாலும், கையுறை மாறாமல் ஒருவரும் நகரக் கூடாது.

கிரிக்கெட் சீசன் வந்தால் ரிலீவர் பாடு திண்டாட்டம். இந்தியா ஆடுகிற நாளில் என் ஆட்களுக்குப் பல்வலி வந்துவிடும். ஃபிட்டர் ஒருவன் சொன்ன கணக்குப்படி, அவன் வாயில் இருக்க முடியாத அளவு பற்களை ஒரே சீசனில் பிடுங்கியிருக்கிறார்கள்.

"இன்னாய்யா இது, எல்லாருக்கும் ஒரே நாள்ல பல்லு வலிக்குது?"

"வலிக்கும் மொதலாளி. டாஸ் போடறப்ப கொஞ்சம் ஜாஸ்தியாவே வலிக்கும்" என்பார் ரிலீவர், சிரிக்காமல்.

அவருக்கு அந்த மேட்ச் எதுவும் வேண்டாம். "கூவிக்கினே இருப்பாங்க மொதலாளி. ஆட்டத்த எங்க பாக்கறது?" அவர் பார்ப்பது மாநில அணிகள் ஆடுகிற நாலு நாள் மேட்ச். திருவள்ளூரில் ரயில் ஏறி, சேப்பாக்கத்துக்குப் போய், காலி கேலரியில் காக்கைகளோடு உட்கார்ந்து வருவார்.

"அங்க இன்னாய்யா இருக்குது?"

"வெள்ளை டிரெஸ்ஸுல அங்கொண்ணு இங்கொண்ணா நிப்பாங்க. நம்ம பழவேற்காட்டு ஏரில பூநாரை நிக்கும் பாருங்க, அந்த மாறி. ரொம்ப நேரம் ஒண்ணும் நடக்காது. அப்புறம் ஒண்ணு காலை மாத்தி வெக்கும். அவ்ளோதான்."

அவர் சொல்லச் சொல்ல, எக்ஸாஸ்ட் ஃபேன் சத்தம் ஏரிக்காற்றாகிவிடும். தொழிலில் கண்கொத்திப் பாம்பான நான்கூட, எதற்கு ஷெட்டுக்குள் வந்தேன் என்பதை மறந்து நின்றிருக்கிறேன்.

அவருக்கு ஒரே ஒரு குறை. எந்த மேட்சிலும் நான்காம் நாளைப் பார்த்ததில்லை. முதல் நாள் பார்ப்பார், மூன்றாம் நாள் பார்ப்பார். நான்காம் நாள் எவனுக்காவது பல் வலிக்கும்.

"முடிவுதான் போன்லயே வருதேய்யா."

"முடிவு வருது மொதலாளி. முடியறது வரலியே."

ஒரு சீசனில் எப்படியோ தப்பித்து, நான்காம் நாள் காலை இரவு ஷிப்ட் முடிந்த கையோடு கிளம்பிவிட்டார். திருநின்றவூர் தாண்டும்போது பையில் கைவிட்டால், நாஷ்டா பொட்டலத்துக்குப் பக்கத்தில் கையுறை. கழற்றியவர் கொடுக்க மறந்துவிட்டார். அடுத்த ஸ்டேஷனில் இறங்கி, எதிர் வண்டி பிடித்து, வேர்க்க விறுவிறுக்க வந்து சேர்ந்தார். இங்கே காலை ஷிப்ட் ஆள் உலை முன் ஸ்டூலில் சாமி சிலைபோல் உட்கார்ந்திருக்கிறான்.

"ஆணியில வேற க்ளவுஸ் தொங்குதேடா" என்றேன்.

"அது தொங்குது மொதலாளி. யாரும் குடுக்கலியே."

நான் போட்ட சட்டமாயிற்றே. உள்ளே சக்கரங்கள் வெந்து பாழ். பாழானதை வெளியே எடுத்து, உலையை மறுபடி நிரப்பி, ரிலீவர் கையுறையை முறைப்படி கொடுத்தபோது சேப்பாக்கத்தில் ஸ்டம்பைப் பிடுங்கியிருப்பார்கள்.

போன சீசனில் நான்காம் நாளும் இந்தியா ஆடுகிற ஒருநாள் மேட்சும் ஒன்றாக வந்தன. எஸ்டேட் முழுக்கப் பல்வலி. காலை ஷிப்டுக்கு வர வேண்டியவன் வரவில்லை. ரிலீவர் இஸ்திரி போட்ட சட்டையோடு உலை முன் நிற்கிறார். பை ஆணியில் மாட்டியிருக்கிறது. தூரத்தில் ரயில் ஊதியது. அவர் உலையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

நான் கையை நீட்டினேன். "குடு."

"இன்னாத்த மொதலாளி?"

"க்ளவுஸ."

"உங்களுக்கு இடுப்பு..."

"யோவ், இந்த ஒலைய கட்டனதே நானு. குடுய்யா."

கழற்றினார். நான் சரியாக மாட்டுகிறேனா என்று ஒரு நிமிடம் பார்த்தார். பிறகு ஓடினார். அந்த மனிதர் ஓடி அன்றுதான் பார்த்தேன்.

அன்று நான் நின்ற நிலை இந்தக் காலத்துப் பையன் எவனுக்கும் வராது. வெகுநேரம் ஒன்றும் நடக்கவில்லை. கதவிடுக்கில் சிவப்பு மட்டும் மூச்சு விட்டது. அப்படியே பார்த்துக்கொண்டிருந்தால், சிவப்புக்கு நடுவில் வெள்ளையாக அங்கொன்றும் இங்கொன்றும் நிற்கிறது. ஒன்று காலை மாற்றி வைத்தது. இடுப்பு வலியே தெரியவில்லை.

பொழுது சாய, ஸ்டேஷனிலிருந்து நேராக வந்தார்.

"யாருய்யா ஜெயிச்சது?"

"டிரா மொதலாளி."

"அடப்பாவி. இதுக்கா நான் காலைலேந்து வெந்துக்கினு இருந்தேன்?"

அவர் முகத்தில் கோயிலுக்குப் போய்வந்த களை. "இன்னும் நேரம் இருந்திச்சு மொதலாளி. ரெண்டு கேப்டனும் பாத்துக்கினாங்க. போதும்னு தோணிச்சு போல. பேட்ஸ்மேன் க்ளவுஸ கழட்டனான். கை குடுத்துக்கினாங்க. எல்லாம் உள்ள போய்ட்டாங்க. வெயில் மட்டும் புல்லு மேலயே நின்னுக்கினு இருந்திச்சு."

சொல்லிவிட்டுக் கையை நீட்டினார், கையுறைக்கு.

இந்த சீசனும் தொடங்கிவிட்டது. நான்காம் நாள் வந்தால் நான் விடியும்போதே ஷெட்டில் இருப்பேன். ஆட்கள் கேட்டால், உலையில் சூடு சரியில்லை, பார்க்க வந்தேன் என்பேன். ரிலீவரோ என்னைப் பார்த்ததுமே கையுறையைக் கழற்றிக்கொண்டு வருகிறார்.