நீல உதட்டுக்காரர்

ஒளிபரப்புக்குப் பதினெட்டு நிமிஷம் இருக்கும்போது அம்புரோஸ் டிக்கிலின் தேநீர்க் கெண்டி உடைந்தது.

மோவாயில் கெண்டியை நிறுத்தி, அதன்மேல் கோப்பை, அதன்மேல் முட்டை என்று அடுக்குவதுதான் அவர் வித்தை. முப்பது வருஷமாக லண்டன் மேடைகளில், ஜனங்கள் கோட்டை மாட்டிக்கொண்டு கிளம்பும் நேரமாகப் பார்த்து அவரை ஏற்றுவார்கள். இன்றுதான் முதன்முதலாக டெலிவிஷன், காலை பதினொரு மணிக்கு. லீட்ஸ் நகரில் அவருடைய அக்கா எடித், தன் சர்ச் சபையார் அத்தனை பேரையும் டெலிவிஷன் பெட்டி வைத்திருந்த ஒரு ரேடியோ கடையில் கூட்டி வைத்திருந்தாள்.

சிவந்த உதடு அந்தக் காலத்துக் கேமராவில் வெளிறிக் காணாமல் போய்விடும். அதனால் முகத்துக்கு வெள்ளைப் பூச்சு, உதட்டுக்கு அடர் நீலம். அந்தக் கோலத்திலேயே அவர் மூச்சிரைக்க ஸ்டுடியோவுக்கு எதிரே இருந்த டீக்கடைக்கு ஓடினார்.

"அம்மா, சீக்கிரம் ஒரு கெண்டி குடுங்க!"

கடைக்கார மிஸஸ் போகெட் திரும்பினாள். "ஐயையோ, உதடெல்லாம் நீலம் பாரிச்சுக் கெடக்கே! உக்காரு கண்ணு."

"நேரமில்லம்மா. கெண்டிய மோவாயில வைக்கணும்."

"மோவாயிலயா?" அவள் குரல் தணிந்தது. "வைக்கலாம், வைக்கலாம். மொதல்ல சக்கரை தூக்கலா ஒரு டீ குடி."

சந்தையில் மூட்டை தூக்கும் கஸ் அருகில் வந்தான். "வீட்டுக்குச் சொல்லி அனுப்பணுமா மொதலாளி?"

"வேணாம்பா. இன்னும் பத்து நிமிஷத்துல எங்கக்கா லீட்ஸ்ல இருந்தே என்னப் பாத்துடுவா."

கஸ் தொப்பியைக் கழற்றினான். "இருநூறு மைலு தாண்டியா! பாவம், முத்திப்போச்சு."

"சாயம்யா இது!" அம்புரோஸ் சட்டைக்கையால் வாயை அழுத்தித் தேய்த்தார். நீலம் இரு கன்னத்திலும் இழுபட்டது.

"கன்னத்துக்கு ஏறிடுச்சு!" என்று அலறினாள் மிஸஸ் போகெட்.

புத்தி தெளிவாக இருப்பதைக் காட்ட, மேசையிலிருந்த கெண்டியை எடுத்து மோவாயில் நிறுத்தினார். ஒரு நொடி நின்றது. பிறகு தலை சுற்றி, கெண்டியும் அவரும் சேர்ந்தே சாய்ந்தார்கள்.

அடுத்த நிமிஷம் கஸ்ஸின் முட்டைக்கோஸ் வண்டியில் அவர் படுத்திருந்தார். "இறக்கி விடுங்கடா!" என்று கத்தக் கத்த வண்டி ஓடியது. பூக்காரி ஒருத்தி மார்மேல் ஒரு கொத்து வைத்தாள். முன்பின் தெரியாத பெண்மணி கூடவே ஓடி ஜெபித்தாள். இரக்கம் ஒரு தொற்று. அன்று காலை அந்தத் தெரு முழுவதற்கும் கண்டிருந்தது.

ஆஸ்பத்திரி வாசலில் நுழையும்போது மணி பதினொன்று அடித்தது. அம்புரோஸ் அழுதுவிட்டார்.

நர்ஸ் எண்ணெயில் பஞ்சைத் தோய்த்துத் துடைக்க ஆரம்பித்தாள்.

"பாத்தீங்களா சிஸ்டர், வெறும் சாயம்! நல்ல மனுசங்கதான். ஆனா என் பொழப்பையே கவுத்துட்டாங்க. நான் கிளம்பலாமா?"

நர்ஸ் டாக்டரைக் கூப்பிடும் மணியை அழுத்திவிட்டு, அவர் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"சாயம் மூணாவது பஞ்சுலயே போயிடுச்சுங்க. மிச்சம் இருக்கிற நீலம் உங்களோடது."