மச்சானுக்கு வெட்டிக் குடுத்த வீடியோ

லீவுக்கு ஊருக்கு வந்த எனக்கு மச்சான் ஒரு வேலை குடுத்தாரு. ஒரு வீடியோவைச் சின்னதா வெட்டித் தரணும். அம்புட்டுதான்.

நான் சென்னையில டிவி காமெடி ஷோ எடிட்டர். யாரும் சிரிக்காத இடத்துல சிரிப்புச் சத்தத்தைச் சேத்து ஒப்பேத்துறதுதான் பொழப்பு. மச்சான், எங்க அக்கா வீட்டுக்காரர், தாயில்பட்டிப் பக்கம் ஒரு பட்டாசு கம்பெனியில மேனேஜர்.

வேலையாளுங்களுக்குப் பாதுகாப்பு பத்தி மச்சானே பேசின வீடியோ அது. பேச்சு நீண்டுக்கிட்டே போச்சு. மறுநாள் பாதுகாப்பைச் சோதிக்கிற கவர்மெண்டு ஆபீசர் வந்து பாக்குறாராம்.

எனக்கு இதெல்லாம் ஒரு வேலையான்னு மெதப்பு. புதுசா ஆரம்பிக்கச் சோம்பப்பட்டு, எங்க ஷோ ஃபைலுக்குள்ளயே வச்சு வெட்டினேன். அதுல இருந்த சிரிப்புச் சத்தத்தை அணைச்சதா ஞாபகம். ஒருக்கா போட்டுப் பாக்காமலே அனுப்பிட்டேன்.

மறுநாள் கம்பெனி ஆபீஸ் வாசல்ல டிவி வச்சு, வேலையாளுங்களை முன்னால உக்கார வச்சிருந்தாக. நான் பெருமையா ஆபீசர் பக்கத்துல உக்காந்தேன்.

டிவியில மச்சான் முறைப்பா வந்தாரு. "செல்போன் உள்ள கொண்டு வரக்கூடாது."

ஒரு கூட்டமே சிரிச்சுச்சு. டிவிக்குள்ளதான். நான் அணைக்காம விட்ட எங்க ஷோ சிரிப்பு.

"ஒரு ரூம்ல நாலு பேருக்கு மேல உக்காரக்கூடாது." மறுபடி சிரிப்பு. நான் ரிமோட்டைத் தேடுறேன், அது மச்சான் கையில. அவரு பதட்டத்துல அமுக்க, சத்தம் கூடத்தான் செஞ்சுச்சு.

"எனக்குச் சரக்கு லோடு முக்கியமில்ல. உங்க உசுருதான் முக்கியம்."

இதுக்குச் சிரிப்போட கைதட்டலும். இந்தத் தடவ வேலை பாக்குற பொம்பளைங்களும் சேந்து சிரிச்சுட்டாக.

என்ன சிரிப்புன்னு ஆபீசர் கேட்டாரு. தப்பு என்னோடதுன்னு நான் எந்திரிச்சேன். அதுக்குள்ள திரி சொருகுற முத்துலச்சுமி அக்கா நிதானமா சொன்னாக.

"டிவியில சிரிச்சது யாருன்னு தெரியல சார். நாங்க சிரிச்சது போன வாரத்தை நினைச்சு. லோடு போகணும்னு ஒரே ரூம்ல எட்டுப் பேரை உக்கார வச்சாக."

ஆபீசர் எந்த ரூமுன்னு கேட்டுக்கிட்டே நடந்தாரு. மச்சான் பின்னாலயே ஓடினாரு.

இப்ப ரூமுக்கு நாலு பேருதான். மச்சான் எங்கிட்டப் பேசுறதில்ல. எங்க அக்கா மட்டும் சோறு போடுது, முகத்தைப் பாக்காம.

சென்னைக்குக் கெளம்புறப்ப பஸ் ஸ்டாப்புல முத்துலச்சுமி அக்கா, "சரியான இடத்துல சிரிப்பை வச்சீக தம்பி"ன்னாக.

இத்தனை வருஷ சர்வீஸ்ல எனக்குக் கெடைச்ச மொத பாராட்டு, நான் செய்யாத வேலைக்கு.